டாங்கி இல்லாத படை எதைத் தேர்ந்தெடுக்கலாம்: நெருப்பு, நீர், வேகம், நகரம்

"எங்க பக்கம் ஒரே ஒரு பிரிகேடு, சில ஆயிரம் பேர். டாங்கி கிடையாது, டாங்கி எதிர்ப்புப் பீரங்கி எட்டுதான். எதிர்ப்பக்கம் நூறு டாங்கி வருது. 48 மணி நேரம் இருக்கு. நீங்க தளபதியா இருந்தா என்ன செய்வீங்க சார்?"

பாதுகாப்பியல் படிக்கும் மாணவர்கள் கருத்தரங்குக்குத் தயாராகும்போது கேட்கும் கேள்வி இது. வரைபடத்தை மேஜையில் விரித்துப் போர் விளையாட்டு ஆடும் நண்பர்களும் இதையேதான் வேறு வார்த்தையில் கேட்கிறார்கள். பெரும்பாலானவர்கள் யோசிக்காமல் "பெட்ரோல் பாட்டில்" என்பார்கள். சிலர் "வாய்க்காலை வெட்டி விடலாம்" என்பார்கள். போன மாதம் ஒரு மாணவி, ரஷ்யர்கள் நாயைப் பயன்படுத்தினார்களாமே, அது சரிவருமா என்று கேட்டு எழுதியிருந்தார். எல்லாம் உண்மையில் நடந்தவைதான். ஆனால் எதை எங்கே தேர்ந்தெடுப்பது என்று கேட்டால் பதில் குழம்பிவிடுகிறது. அதனால் நான்கு வழிகளை, ஒவ்வொன்றுக்கும் நடந்த ஒரு போரை வைத்து, ஒரே அளவுகோலில் நிறுத்திப் பார்க்கலாம். ட்ரோனை இதில் சேர்க்கவில்லை. உக்ரைன் போருக்குப் பிறகு அது வழக்கமான ஆயுதமாகவே ஆகிவிட்டது. நாம் பேசப்போவது வழக்கத்துக்கு மாறான வழிகளைப் பற்றி.

## எதை வைத்து அளப்பது

எத்தனை டாங்கி அழிந்தது என்பதை மட்டும் பார்த்தால் தவறான முடிவுக்குத்தான் போவோம். இரண்டு பக்கமும் மிகைப்படுத்திச் சொல்லும் எண் அது. நான் வேறு ஐந்து கேள்விகளை வைத்துக்கொள்கிறேன்.

ஒன்று, டாங்கிக்கு எவ்வளவு அருகே மனிதன் போக வேண்டும்? இரண்டு, தயாராக எவ்வளவு நேரம் வேண்டும்? மூன்று, எந்த நிலத்தில் பலிக்கும்? நான்கு, எதிரி ஒருமுறை பாடம் கற்ற பிறகும் பலிக்குமா? ஐந்து, போர் முடிந்த மறுநாள் அதன் செலவு யார் தலையில் விழும்? கடைசிக் கேள்வியைப் பலரும் விட்டுவிடுகிறார்கள். எனக்கு அதுதான் முக்கியமான கேள்வி.

இவற்றுக்கெல்லாம் அடியில் ஓர் உண்மை இருக்கிறது: டாங்கிக்குக் கண் குறைவு. நான் ஆவடியில் வளர்ந்தவன். அப்பா டாங்கித் தொழிற்சாலையில் வேலை பார்த்தார். ஆயுத பூஜை அன்று குடும்பத்தோடு உள்ளே விடுவார்கள். ஒரு வருஷம் அப்பா என்னைத் தூக்கி ஒரு டாங்கியின் ஓட்டுநர் இருக்கையில் உட்கார வைத்து மேல்மூடியைச் சாத்தச் சொன்னார். சாத்தியதும் உலகம் ஒரு சாண் அகலக் கண்ணாடிக்குள் சுருங்கிவிட்டது. எதிரே நின்ற அப்பாவின் நெஞ்சுக்கு மேலேதான் தெரிந்தது, காலைக் காணோம். அவர் இரண்டடி பக்கவாட்டில் நகர்ந்தார். ஆளையே காணோம். சந்தனம் குங்குமம் பூசிய அவ்வளவு பெரிய இரும்புக்குள் உட்கார்ந்துகொண்டு நான் பயந்துபோய் "அப்பா" என்று கத்தினேன்.

பக்கத்தில் நடந்துவரும் காலாட்படைதான் டாங்கிக்குக் கண். அந்தக் கண்ணைப் பிரித்துவிட்டால் 40 டன் இரும்பும் தடவித் தடவித்தான் போக வேண்டும். கீழே வரும் நான்கு வழிகளும் ஏதோ ஒரு விதத்தில் இந்தக் குருட்டுத்தனத்தைத்தான் பயன்படுத்தின.

## நெருப்பு: பின்லாந்து, 1939–40

1939 நவம்பர் 30 அன்று சோவியத் படை பின்லாந்துக்குள் நுழைந்தது. பின்லாந்திடம் டாங்கி எதிர்ப்புப் பீரங்கி என்று இருந்தது 37 மி.மீ. போஃபர்ஸ், அதுவும் ஏறத்தாழ நூறு. எதிரே வந்தவை ஆயிரக்கணக்கான டாங்கிகள். இந்தப் பள்ளத்தை நிரப்பத்தான் எரிபாட்டில் வந்தது.

பெயர் வந்த கதை பலருக்கும் தெரியும். நாங்கள் குண்டு போடவில்லை, பசித்தவர்களுக்கு உணவு போடுகிறோம் என்று சோவியத் வெளியுறவு அமைச்சர் மொலோடோவ் சொன்னார். விழுந்த குண்டுகளை பின்லாந்துக்காரர்கள் 'மொலோடோவின் ரொட்டிக்கூடை' என்றார்கள். ரொட்டியோடு குடிக்க ஒன்று வேண்டுமே என்று எரிபாட்டிலுக்கு 'மொலோடோவ் காக்டெயில்' என்று பெயர் வைத்தார்கள். அரசாங்கச் சாராய ஆலை ஒன்று, ராயமாக்கியில் இருந்தது, நான்கு லட்சத்துக்கும் மேற்பட்ட பாட்டில்களைத் தயாரித்து அனுப்பியது. அதாவது நாம் கற்பனை செய்வதுபோல சமையலறை மூலையில் அவசரமாகச் செய்த சாமான் அல்ல அது. ஒரு தேசத்தின் தொழிற்சாலை அதற்கென்றே ஓடியது. இதற்கு முன்பே, 1936இல், ஸ்பெயின் உள்நாட்டுப் போரில் இதே வகைப் பாட்டில் சோவியத் டி-26 டாங்கிகள்மீது விழுந்திருக்கிறது.

முதல் அளவுகோலிலேயே இந்த வழி தடுக்கி விழுகிறது. பாட்டில் வீச வேண்டுமானால் டாங்கியின் பக்கம்வரை போக வேண்டும். சிலர் சக்கரங்களுக்கு நடுவே மரக்கட்டையைச் செருகி நிறுத்தினார்கள். பனிக்குழியில் படுத்துக்கொண்டு, மேலே டாங்கி வரும்வரை மூச்சை அடக்கி இருப்பதை நினைத்துப் பாருங்கள். அப்படிப் போனவர்களில் நிறையப் பேர் திரும்பவில்லை. விலை மலிவான ஆயுதம் என்று புத்தகங்களில் எழுதுகிறார்கள். பாட்டிலின் விலையைத்தான் கணக்கில் எடுக்கிறார்கள்.

நிலம் அவர்களுக்கு உதவியது. கிழக்குப் பின்லாந்தின் சுவோமுசால்மி, ராத்தே சாலை பக்கம் காடு அடர்த்தி, சாலை ஒன்றே ஒன்று, குளிர் பூஜ்யத்துக்குக் கீழே 40 பாகைவரை இறங்கும். சாலையை விட்டு டாங்கி இறங்க முடியாது. பனிச்சறுக்கில் வந்த பின்லாந்து வீரர்கள் நீண்ட வரிசையைத் துண்டு துண்டாக வெட்டித் தனித்தனியாகச் சுற்றி வளைத்தார்கள். 1940 ஜனவரி தொடக்கத்தில் சோவியத்தின் 44ஆம் டிவிஷன் (பிரிகேடைவிடப் பெரிய படை) அந்தச் சாலையில் சிதைந்துபோனது. அதன் தளபதியைச் சோவியத் அரசே சுட்டுக் கொன்றது.

நான்காவது கேள்விக்கு வருவோம். பிப்ரவரியில் சோவியத் படை பாடம் கற்றுக்கொண்டு வந்தது. டாங்கியும் காலாட்படையும் பீரங்கியும் சேர்ந்தே நகர்ந்தன. பிப்ரவரி 11 அன்று சும்மா என்ற இடத்தில் பின்லாந்தின் பாதுகாப்பு வரிசையான மன்னர்ஹைம் அரண் உடைந்தது. மார்ச் 13 அன்று போர் முடிந்தபோது பின்லாந்து சுதந்திரத்தைக் காப்பாற்றிக்கொண்டது, நிலத்தில் ஒரு பகுதியை இழந்தது. நெருப்பு அவர்களுக்கு வாங்கிக்கொடுத்தது சில வாரங்கள். அந்த வாரங்கள் தேவைப்பட்டன என்பதில் எனக்குச் சந்தேகமில்லை. ஆனால் வாரங்கள்தான்.

காடு, ஒற்றைச் சாலை, பின்னால் நடந்துவரும் ஆள் இல்லாத டாங்கி, இந்த மூன்றும் ஒன்றாகக் கிடைத்தால் இந்த வழியை யோசிக்கலாம். ஒன்று குறைந்தாலும் நான் என் வீரர்களை அனுப்ப மாட்டேன்.

## நீர்: அசல் உத்தர், 1965

எனக்குப் பிடித்த வழியை மறைக்க விரும்பவில்லை. இதுதான் அது.

1965 செப்டம்பரில் பஞ்சாபின் கேம் கரண் பகுதியில் பாகிஸ்தானின் 1ஆம் கவச டிவிஷன் நுழைந்தது. கையில் அமெரிக்கப் பேட்டன் டாங்கிகள். அந்தக் காலத்தில் நவீன டாங்கிகள் அவை, ஒவ்வொன்றும் 45 டன் அளவு. எதிரே மேஜர் ஜெனரல் குர்பக்ஷ் சிங்கின் 4ஆம் மலை டிவிஷன், பிரிகேடியர் தியோகராஜின் 2ஆம் தனிக் கவச பிரிகேடு. இந்தியப் பக்கம் செண்டூரியன்கள் கொஞ்சம், இரண்டாம் உலகப் போர்க் காலத்து ஷெர்மன்கள், இலேசான ஏ.எம்.எக்ஸ். டாங்கிகள்.

மலை டிவிஷன் முதல் அடியில் தடுமாறியது. செப்டம்பர் 8 அன்று கேம் கரணை விட்டுச் சில கிலோமீட்டர் பின்னால் வந்து, அசல் உத்தர் கிராமத்தை ஒட்டிக் குதிரைலாட வடிவில் உட்கார்ந்தது. அன்று இரவு வாய்க்காலை உடைத்து வயல்களில் தண்ணீரைப் பாய்ச்சினார்கள். சுற்றிலும் ஆளுயரக் கரும்பு. கரும்புக்குள்ளே டாங்கிகளும் பீரங்கிகளும் காத்திருந்தன.

நஞ்சை நிலம் தெரிந்தவர்களுக்கு அப்புறம் என்ன நடந்திருக்கும் என்று விளக்க வேண்டியதில்லை. தொளியில் டிராக்டர் இறக்கவே கேஜ் வீல் மாட்டுகிறோம். டாங்கியின் சங்கிலித் தடம் அதன் எடையைப் பரப்பித்தான் வைக்கிறது, காய்ந்த தரையில் அது நன்றாகவே ஓடும். மேல்மண் ஊறி இளகிவிட்டால், திரும்பும்போதுதான் சிக்கல். ஒரு பக்கத் தடம் நின்று மறுபக்கம் சுழலும்போது மண்ணைத் தோண்டிக்கொண்டே உள்ளே இறங்கும். வேகம் குறையும், தண்ணீர் இல்லாத மேட்டைத் தேடித் திரும்பும், அப்படித் திரும்பும்போது முன்பக்கக் கவசத்தைவிட மெல்லிய பக்கவாட்டைக் காட்டும். அந்த நேரத்துக்காகத்தான் கரும்புக்குள் இருந்தவர்கள் காத்திருந்தார்கள்.

செப்டம்பர் 10 காலை, சீமா கிராமத்தின் பக்கம், 4ஆம் கிரெனேடியர்ஸின் கம்பெனி குவார்ட்டர்மாஸ்டர் ஹவில்தார் அப்துல் ஹமீது ஒரு ஜீப்பில் இருந்தார். ஜீப்பின்மேல் 106 மி.மீ. ஆர்.சி.எல். (ரீகாயில்லெஸ்) பீரங்கி. இந்தப் பீரங்கியின் குணத்தைச் சொல்ல வேண்டும். உதைப்பு இல்லை, அதனால் ஜீப்பில் வைத்தே சுடலாம். ஆனால் சுட்ட மறுநொடி பின்பக்கம் நெருப்பும் புழுதியும் கிளம்பி, 'இங்கேதான் இருக்கிறேன்' என்று எதிரிக்குக் காட்டிக் கொடுத்துவிடும். ஒரு குண்டு, உடனே இடம் மாறு, மறுபடி ஒரு குண்டு. கரும்பும் பருத்தியும் மறைத்த வரப்போரம் ஹமீது அதையே திரும்பத் திரும்பச் செய்தார். கடைசியில் ஒரு டாங்கியும் அவரும் ஒருவரையொருவர் பார்த்துவிட்டார்கள். அங்கேயே உயிர் போனது. பரம்வீர் சக்ரா அவர் இறந்த பிறகு கிடைத்தது. வயது 32.

பாகிஸ்தான் இழந்தது 97 டாங்கிகள் என்பது இந்தியக் கணக்கு. பிடிபட்டவற்றை பிக்கிவிண்டில் நிறுத்தி வைத்த இடத்துக்குப் 'பேட்டன் நகர்' என்றே பெயர் விழுந்தது. அசல் உத்தர் என்றால் 'சரியான பதில்'. அசல், உத்தரம் இரண்டும் நமக்கும் பழகிய சொற்கள்தான்.

ஐந்து கேள்விகளில் வைத்துப் பார்த்தால், தண்ணீர் ஒரு வேலையை மனிதன் அருகே போகாமலே செய்துவிடுகிறது: டாங்கியை மெதுவாக்குகிறது, போகும் வழியை நாமே முடிவு செய்ய வைக்கிறது. ஓர் இரவில் செய்யலாம். எதிரி அறிந்துகொண்டாலும் உடனே மாற்று கிடையாது, சேறு சேறுதான்.

இப்போது மறைந்திருக்கும் செலவு. தண்ணீர் நம்மையும் அதே இடத்தில் கட்டிப்போடும். அசல் உத்தரில் அவ்வளவு டாங்கிகளை நிறுத்திய பிறகும் கேம் கரண் நகரை இந்தியாவால் சண்டையில் திரும்ப எடுக்க முடியவில்லை. இரு நாடுகளும் செய்துகொண்ட தாஷ்கண்ட் சமாதான ஒப்பந்தத்துக்குப் பிறகுதான் அது திரும்பி வந்தது. இதைச் சொல்லாமல் அந்த வெற்றியைப் பேசுவது முழுமையாகாது. அப்புறம் விவசாயி. அறுவடைக்குக் காத்திருந்த வயலில் தண்ணீர் நின்றது, அதன்மேல் டாங்கி ஓடியது.

இந்தச் செலவு இன்னும் தெளிவாகத் தெரிவது உக்ரைனில். 2022 பிப்ரவரியில் கீவ் நகருக்கு வடக்கே இர்பின் ஆற்றின் அணையை உடைத்துவிட்டார்கள். ஆற்றங்கரைத் தாழ்நிலம் முழுக்க நீர் பரவி, ரஷ்யப் படையின் பாதை அடைபட்டது. கரையில் இருந்த தெமிதிவ் கிராமத்தில் வீடுகளின் நிலவறைகளும் தோட்டங்களும் மாதக்கணக்கில் தண்ணீருக்குள் கிடந்தன. ரஷ்யப் படை போய்விட்ட பிறகும் அந்த மக்கள் மோட்டார் வைத்துத் தண்ணீர் இறைத்துக்கொண்டிருந்தார்கள். தலைநகர் பிழைத்ததற்கு அவர்கள் வீடு விலை. அவர்களில் பலர் அதை ஏற்றுக்கொண்டே பேசினார்கள். அதற்காக விலை இல்லை என்று ஆகிவிடாது. தண்ணீரைத் தேர்ந்தெடுக்கும் தளபதி, நஷ்ட ஈட்டுக் கணக்கையும் அன்றே எழுதத் தொடங்க வேண்டும்.

## வேகம்: சாட், 1987

ஆப்பிரிக்காவின் சாட் நாட்டு வடக்குப் பாலைவனத்தில் லிபியப் படை உட்கார்ந்திருந்தது. அவர்களிடம் டி-55 டாங்கிகள், விமானத் தளங்கள். சாட் வீரர்களிடம் டொயோட்டா பிக்கப் வண்டிகள். சிலவற்றின்மேல் இயந்திரத் துப்பாக்கி, சிலவற்றின்மேல் பிரான்ஸ் கொடுத்த மிலான் என்ற டாங்கி எதிர்ப்பு ஏவுகணை.

1987 ஜனவரி 2 அன்று ஃபாதா தளத்தின்மேல் பல பக்கமிருந்தும் ஒரே சமயத்தில் பாய்ந்தார்கள். லிபியா 700க்கும் மேற்பட்ட வீரர்களையும் 92 டாங்கிகளையும் இழந்தது. சாட் பக்கம் இறந்தவர்கள் 18 பேர், போனவை மூன்று வண்டிகள். மார்ச் மாதம் வாடி தூம் விமானத் தளமும் இதேபோல விழுந்தது. இதற்கு 'டொயோட்டா போர்' என்றே பெயர் வந்துவிட்டது.

எண்களைப் பார்த்தால் இதைத்தான் எல்லோரும் தேர்ந்தெடுப்பார்கள். ஆனால் வண்டியை மட்டும் பார்க்காதீர்கள். மிலான் இல்லாவிட்டால் அந்த வண்டிகள் வெறும் வண்டிகள். பிரெஞ்சு விமானங்கள் வாடி தூம் ஓடுதளத்தைக் குண்டு போட்டு உடைத்திருந்தன. மணலின் கடினமும் குழைவும் பிறந்ததிலிருந்து தெரிந்தவர்கள் சாட் ஓட்டுநர்கள். லிபியர்கள் டாங்கியைப் பாதி புதைத்துவிட்டுச் சுற்றி ரோந்து அனுப்பாமல் தளத்துக்குள்ளேயே இருந்தார்கள். இந்த நான்கும் சேர்ந்த இடத்தில்தான் வேகம் பலித்தது.

வான்பாதுகாப்பு இல்லாத இடத்தில் நடந்ததையும் பாருங்கள். ஆகஸ்ட் 8 அன்று சாட் வீரர்கள் பிடித்த ஔஸு நகரை, பிரான்ஸ் உதவி இல்லாத நிலையில், ஆகஸ்ட் 28 அன்று லிபியா திரும்ப எடுத்தது. திறந்த வெளியில் தகரக் கதவு வண்டியில் உட்கார்ந்திருப்பவனுக்கு மேலிருந்து வரும் குண்டுக்கு ஒதுங்க இடமே இல்லை.

ஆக, வேகத்தின் செலவு முழுக்க முன்பணம். ஓட்டுநர் பயிற்சி, ஏவுகணை, எரிபொருள், வானத்தில் ஒரு நண்பன். 48 மணி நேரத்தில் புதிதாக உருவாக்க முடியாத வழி இது. ஏற்கெனவே இருந்தால் அதைவிட நல்லது இல்லை. எதிரி ஓரிடத்தில் உட்கார்ந்திருக்கும்போது மட்டும்.

## நகரம்: க்ரோஸ்னி, 1994

1994 டிசம்பர் 31 அன்று ரஷ்யக் கவசப் படைகள், பிரிந்து போக முயன்ற செச்சன்யாவின் தலைநகரான க்ரோஸ்னிக்குள் வரிசையாக நுழைந்தன. டி-72 டாங்கியின் பீரங்கி மேலே 14 பாகை அளவும் கீழே 6 பாகை அளவும்தான் சாயும். மேல்மாடியிலும் நிலவறையிலும் இருந்த செச்சன்களை அது எட்டவே இல்லை. வண்டியை விட்டுக் காலாட்படை இறங்கவும் இல்லை. 131ஆம் மைகோப் பிரிகேடு ரயில் நிலையத்தருகே சிக்கி, 26 டாங்கிகளில் 20ஐ இழந்தது.

டாங்கி எதிர்ப்பு என்ற ஒரே கோணத்தில் பார்த்தால் இவ்வளவு முழுமையான வெற்றி குறைவு. ஆனால் அடுத்து என்ன வந்தது? ரஷ்யா டாங்கியை முன்னால் அனுப்புவதை நிறுத்திவிட்டுப் பீரங்கியாலும் விமானத்தாலும் நகரத்தையே தரைமட்டமாக்கியது. ஜனவரி 19 அன்று அதிபர் மாளிகை விழுந்தது. ஆயிரக்கணக்கில் பொதுமக்கள் செத்தார்கள். கிராமத்தில் உறவினர் இல்லாததால் ஓட இடமின்றி நகரிலேயே தங்கிப்போன ரஷ்ய முதியவர்களும் அவர்களில் நிறையப் பேர்.

கட்டடம்தான் இங்கே கவசம். அந்தக் கவசத்துக்குள் குழந்தைகள் தூங்குகிறார்கள். மக்கள் முழுக்க வெளியேறிய ஊர் என்றால் மட்டுமே இந்த வழியை நான் பட்டியலில் வைப்பேன்.

## பட்டியலிலேயே சேர்க்கக் கூடாதவை

நாய் பற்றிக் கேட்ட மாணவிக்கு: சோவியத் படை நாய்களை டாங்கிக்கு அடியில் உணவு தேடப் பழக்கி, முதுகில் வெடியைக் கட்டி, 1941 முதல் போரில் அனுப்பியது உண்மை. பழக்கியது ஓடாமல், சுடாமல் நின்ற சோவியத் டாங்கிகளின் அடியில். போர்க்களத்தில் சத்தத்துக்குப் பயந்து பல நாய்கள் வளர்த்தவனிடமே திரும்பி ஓடிவந்தன. ஜெர்மன் டாங்கி பெட்ரோலில் ஓடியது, பழகிய வாசனையோ சோவியத் டீசல். 300 டாங்கி அழிந்தது என்ற சோவியத் கணக்கை வரலாற்றாசிரியர்கள் பலர் நம்புவதில்லை. நம்பி வந்த உயிரை ஏமாற்றிச் செய்யும் வேலை என்பதற்காகவே எனக்கு அது வேண்டாம், பலிக்காது என்பது கூடுதல் காரணம்.

மனிதனையும் இப்படிப் பயன்படுத்தினார்கள். 1945இல் பர்மாவின் மெய்க்திலாவில் ஒரு குழிக்குள் ஜப்பானிய வீரன் ஒருவன் கண்டுபிடிக்கப்பட்டான். முழங்கால்களுக்கு நடுவே விமானக் குண்டு, முனை மேலே பார்த்தபடி. கையில் ஒரு கல். மேலே டாங்கி வந்ததும் அந்தக் கல்லால் குண்டின் தலையில் அடிக்க வேண்டும். அவ்வளவுதான் அவனுக்குக் கொடுத்த வேலை. ஒரு படை தன் வீரனுக்குக் கல்லைக் கொடுக்கும் நிலைக்கு வந்துவிட்டால், அந்தப் போரை எப்போதோ தோற்றுவிட்டது என்று அர்த்தம்.

## ஒரே பார்வையில்

| கேள்வி | நெருப்பு | நீர் | வேகம் | நகரம் |
|---|---|---|---|---|
| எவ்வளவு அருகே | கை தொடும் தூரம் | தூரத்திலிருந்தே தடுக்கலாம் | ஏவுகணை எட்டும் தூரம் | ஒரு தெரு அகலம் |
| தயாராக | நாட்கள் | ஓர் இரவு | மாதங்கள் | நாட்கள் |
| நிலம் | காடு, ஒற்றைச் சாலை | வாய்க்கால் வயல், ஆற்றோரம் | திறந்த பாலை | அடர்ந்த கட்டடம் |
| எதிரி கற்றபின் | சில வாரம் | தண்ணீர் வடியும்வரை | வானம் நம் பக்கம் இருக்கும்வரை | எதிரி நகரையே இடிப்பான் |
| மறுநாள் செலவு | வீரன் | விவசாயி | கருவூலம் | ஊர் மக்கள் |

பட்டியலில் ஒரு விஷயம் வராது. இந்த நான்கில் எதுவும் தனியாக நின்று ஜெயிக்கவில்லை. பின்லாந்தில் பாட்டிலுக்குப் பின்னால் போஃபர்ஸ் இருந்தது. அசல் உத்தரில் தண்ணீருக்குப் பின்னால் செண்டூரியன் இருந்தது. சாட்டில் டொயோட்டாவின்மேல் மிலான் இருந்தது. வழக்கமான ஆயுதம் கொஞ்சமாவது இருந்தவர்கள்தான் வழக்கத்துக்கு மாறான வழியில் அதைப் பெருக்கிக்கொண்டார்கள். "எங்களிடம் எதுவுமே இல்லை, தந்திரம் மட்டும் இருக்கிறது" என்று தொடங்கும் திட்டத்தைக் கருத்தரங்கில் யாராவது வைத்தால், எதை வைத்துச் சுடப்போகிறீர்கள் என்று முதலில் கேளுங்கள்.

## யாரும் கேட்காத ஐந்தாவது வழி

பின்வாங்குதல். இதைச் சொன்னால் மாணவர்கள் முகம் சுளிக்கிறார்கள். ஆனால் அசல் உத்தர் பின்வாங்கலில்தான் தொடங்கியது. கேம் கரணிலேயே நின்றிருந்தால் கரும்பும் வாய்க்காலும் குதிரைலாடமும் கிடைத்திருக்காது.

எவ்வளவு தூரம் என்பதுதான் கேள்வி. அந்த நாட்களில் பியாஸ் நதி வரை பின்வாங்கலாம் என்று ராணுவத் தலைமைத் தளபதி சௌத்ரி சொன்னதாகவும், தான் மறுத்ததாகவும் மேற்குப் பிராந்தியத் தளபதி ஹர்பக்ஷ் சிங் தன் நினைவுக்குறிப்பில் எழுதியிருக்கிறார். பியாஸ் வரை போயிருந்தால் அமிர்தசரஸ் கைவிட்டுப் போயிருக்கும். சில கிலோமீட்டர் போனது நிலத்தைத் தேர்ந்தெடுப்பதற்காக. அதற்குமேல் போயிருந்தால் நிலத்தை இழந்துவிடுவது மட்டும்தான் மிஞ்சியிருக்கும்.

சரி, முதலில் கேட்ட கேள்விக்கு வருகிறேன். ஒரு பிரிகேடு, எட்டுப் பீரங்கி, 48 மணி நேரம். வரைபடத்தில் உங்கள் அரணைத் தேடாதீர்கள், வாய்க்காலைத் தேடுங்கள். அது உங்களுக்குப் பின்னால் இருந்தால் அதுவரை போய்விடுங்கள். முதல் நாள் மக்களை வெளியேற்றுங்கள், ஆடு மாட்டோடு. இரண்டாம் இரவு தண்ணீரைத் திறங்கள், ஒரு மேட்டுப்பாதையை மட்டும் காயவிடுங்கள். எட்டுப் பீரங்கியையும் அந்தப் பாதையின் பக்கவாட்டில் மறைத்து வையுங்கள், எதிரே வேண்டாம். வாய்க்கால் இல்லாத வரைபடமா, காடு இருக்கிறதா பாருங்கள். அதுவும் இல்லையென்றால் இன்னும் பின்னால் போங்கள், ஆனால் பின்னால் எந்த ஊர் இருக்கிறது என்று எண்ணிக்கொண்டே போங்கள்.

பீரங்கி எட்டு என்றால் சுடத் தெரிந்தவர்கள் இருபது பேராவது வேண்டும். அப்துல் ஹமீது பதவிப்படி தன் கம்பெனியின் சாமான் கிடங்குப் பொறுப்பில் இருந்தவர். அதற்கு முன் பல வருஷம் டாங்கி எதிர்ப்புப் பிரிவில் இருந்து ஆர்.சி.எல். பழகியிருந்ததால்தான் ஆள் தேவைப்பட்டபோது ஜீப்பில் ஏற முடிந்தது. உங்கள் திட்டத்தில் கிடங்குக்காரர்களின் பெயரையும் எழுதுங்கள்.